செவ்வந்தியின் முதுகில் காய்ந்த இடம்

கிணத்துக்கடவு
12.7.96

அன்புள்ள டீனா கண்ணுக்கு அம்மா எழுதுவது. மாதாவின் துணையால் இங்கே எல்லோரும் சுகம், அப்பாவின் முட்டிவலியைத் தவிர. அங்கே நீ சுகமா என்பதைக் கேட்கத்தான் இத்தனையும் எழுதுகிறேன். வீட்டு விலாசத்தை விட்டு நீ வேலை பார்க்கும் ஆஸ்பத்திரிக்கு அனுப்பியிருக்கிறேனே என்று பயந்துவிடாதே, காரணம் கடைசியில் வரும்.

முதலில் நம் செவ்வந்தியின் சங்கதி. இந்தக் குதிரையை விற்றுவிடச் சொல்லி போன ஞாயிறு போனில் நீயும் சொன்னாய். உன் அண்ணன் பிராங்கைத் தள்ளித் தோளை இறக்கிவிட்டாள், சேணத்தைக் கண்டாலே கடிக்க வருகிறாள், சவாரி பழக இனி யார் பிள்ளைகளை அனுப்புவார்கள் என்று அவனே உனக்குச் சொல்லியிருப்பான். எல்லாம் உண்மைதான். ஆடிப் பண்டிகைக்கு அந்தியூர் குதிரைச் சந்தைக்கு ஓட்டிப்போகத் தரகர் சுப்பண்ணனும் வந்து, "ஏனுங்கம்மா, கிறுக்குப் புடிச்ச குதிரையை ஊட்டுல வெச்சுட்டு எதுக்குங்க சங்கடம்" என்றார். அப்பா தலையாட்டிவிட்டார். நான் ஆட்டவில்லை. உன்னைச் சுமந்து இந்தத் தோப்பைச் சுற்றி வந்த காலத்தில் அவள் ஒருத்தரையும் உதைத்ததில்லை. கிறுக்கு தானாகவா பிடிக்கும், எதனால் பிடித்தது என்று ஒருத்தரும் கேட்கவில்லை. கேட்டால் பதில் மாப்பிள்ளையிடம் போய் நிற்கும் என்று பயம்.

போன கிறிஸ்துமஸுக்கு மாப்பிள்ளை லண்டனிலிருந்து தூக்கிவந்தாரே, அந்தச் சேணத்தைத்தான் சொல்கிறேன். பங்குச் சாமியாரைக் கூப்பிட்டு மந்திரித்து, வந்தவர் போனவருக்கெல்லாம் காட்டித்தான் போட்டோம். மாப்பிள்ளை கொடுத்த பொருளைக் குறை சொன்னால் மாப்பிள்ளையையே குறை சொன்ன மாதிரி, அதனால் குதிரைக்குத்தான் கிறுக்கு என்று முடிவு கட்டிவிட்டார்கள். ஒருநாள் சவாரி முடிந்து சேணத்தை இறக்கியபோது பார்த்தேன், முதுகெல்லாம் வேர்வையில் தொப்பலாக நனைந்திருக்க, தோளுக்குப் பின்னால் இருபக்கமும் உள்ளங்கை அகலத்துக்கு மயிர் காய்ந்து கிடந்தது. அப்பாவுக்கு அதில் சந்தோஷம். "பாத்தியா, அந்த எடத்துல உரசவே இல்ல, எத்தன பாந்தமா உக்காந்திருக்குது" என்று சொல்லி, இன்னும் மெத்தென்று இருக்கட்டும் என்று சென்னிமலைப் போர்வையை நாலாக மடித்து அடியில் வேறு போட்டார். கடிக்கிற ஷூவுக்குள் இன்னொரு சாக்ஸ் போட்ட கதைதான், காய்ந்த இடம் இன்னும் அகலமானது. சேணம் தொடாத இடமும் காய்ந்துதான் இருக்கும், ஆனால் அது வலிக்காது. அதனால் விரலை வைத்து அழுத்திப் பார்த்தேன். காதை மடக்கிக்கொண்டு முதுகைத் தாழ்த்தி விலகினாள். நனைந்த இடத்தில் அழுத்தினால் சும்மா நின்றாள். ரொம்ப அழுத்துகிற இடத்தில் வேர்வைகூட வெளியே வராது கண்ணு. மேல்தோல் எத்தனை பளபளத்தாலும் உள்ளே இருக்கும் சட்டம் அவள் முதுகுக்குக் குறுகல்.

சொன்னேன். "வெளிய சொல்லிப்போடாத அமலி, மாப்பிள்ளை காதுக்குப் போனா என்ன நெனைப்பாரு" என்று அப்பா அடக்கினார், பிராங்க் சிரித்தான். விடுவேனா. பழைய சேணத்தைப் பரணிலிருந்து இறக்கிப் போட்டு, உன் பழைய சுடிதாரை மாட்டிக்கொண்டு நானே ஏறினேன். பூசைக்குப் போகிற சனம் நின்று பார்த்தது, பார்க்கட்டும். தோப்பை எத்தனை சுற்று சுற்றினாலும் அவள் ஒரு முரண்டு பிடிக்கவில்லை. இறங்கிப் பார்த்தால் முதுகு ஒரே சீராக நனைந்திருந்தது. மறுநாளே சுப்பண்ணனை வெறுங்கையோடு திருப்பி அனுப்பிவிட்டேன். குதிரை இங்கேதான் இருக்கும், போவதென்றால் அந்தச் சேணம் போகட்டும். அப்பா இன்னும் என்னோடு சரியாகப் பேசுவதில்லை.

இப்போது காரணத்துக்கு வருகிறேன். போனில் நீ எல்லாம் பேசுகிறாய், குளிர், ஆஸ்பத்திரி, பஸ், அங்கே கிடைக்காத முருங்கைக்காய். மாப்பிள்ளை எப்படி என்று கேட்டால் மட்டும் "நல்லா இருக்காருங்கம்மா" என்று நிறுத்திவிடுகிறாய். அவரைப் பற்றி ஒரு சிரிப்பு இல்லை, ஒரு குறை இல்லை, சின்னக் கோபம்கூட இல்லை. சண்டை சச்சரவு இல்லாத குடும்பம் என்று அப்பாவுக்குப் பெருமை. காய்ந்த இடத்தைப் பார்த்துச் சந்தோஷப்படுகிறவள் இல்லை நான். இத்தனை தூரத்திலிருந்து விரல் வைத்துப் பார்க்க முடியாததால் வாய்விட்டுக் கேட்கிறேன், அவர் உன்னை நன்றாக வைத்திருக்கிறாரா?

இது உன் கண்ணில் மட்டும் படட்டும் என்றுதான் ஆஸ்பத்திரிக்கு அனுப்பினேன். நான் நினைப்பது தப்பென்றால் ஞாயிற்றுக்கிழமை போனில் என்னை நன்றாகத் திட்டு, சந்தோஷமாக வாங்கிக்கொள்கிறேன். தப்பில்லை, ஆனால் அவர் பக்கத்தில் இருக்கிறார் என்றால், செவ்வந்திக்கு எந்தச் சேணம் போடுகிறீர்கள் என்று மட்டும் கேள், போதும். மீதியை நான் பார்த்துக்கொள்கிறேன். ஊர் என்ன சொல்லும், கோயிலில் என்ன பேசுவார்கள் என்பதெல்லாம் என் பாடு. ஒரு குதிரைக்காக இத்தனை பேரை எதிர்த்தவள் பெற்ற மகளுக்காக நிற்க மாட்டேனா. பொறுத்துப் போ என்று உனக்குச் சொல்ல மாட்டேன்.

மாதா உன்னைத் தன் முந்தானைக்குள் வைத்துக் காக்கட்டும். வேளைக்குச் சாப்பிடு. ஞாயிற்றுக்கிழமையை மறந்துவிடாதே, போன் பக்கத்தில் நான்தான் உட்கார்ந்திருப்பேன், அப்பாவை எடுக்க விடமாட்டேன்.

இப்படிக்கு, நீ எப்போது வந்தாலும் கதவைத் திறக்கும்
உன் அம்மா
அமலி தேவதாஸ்