மண்டபத்தில் ஒரு சிறிய அறை

1987 பெப்ரவரி 3, செவ்வாய்

கடும் குளிர். மோர்னிங்சைட்டில் பஸ் பிந்திவிட்டது. நான் போய்ச் சேர்வதற்குள் என் முதலாளி ஹயாஷி ஹீற்றரைப் போட்டு வைத்திருந்தார்.

எங்கள் அலுவலகம் மில்லிக்கனில் ஒரு பிளாஸாவின் மாடி. இரண்டு அறை. ஒன்றில் அவர் கட்டடங்களை யோசிப்பார், மற்றதில் நான் வரைபடம் கீறுவேன். வேறு ஆள் இல்லை. மூன்று வருடமாக இப்படித்தான். மதியச் சாப்பாடும் அவரவர் மேசையில்.

இன்று மார்க்கம் நகரிலிருந்து, வீடு கட்டுவது பற்றி விசாரித்த ஒரு பெண் போனில், எந்தப் பல்கலைக்கழகத்தில் படித்தீர்கள் என்று அவரைக் கேட்டாள். "ஒன்றிலும் இல்லை" என்றார். பிறகு எடுக்கிறேன் என்று வைத்துவிட்டாள். எடுக்க மாட்டாள்.

அதன் பிறகு, நான் கேட்காமலே, என் கதவடியில் வந்து நின்று சொன்னார். யப்பானில் பள்ளிக்கூடத்தையே முடிக்கவில்லையாம். இங்கே வந்து, உயர்ந்த கட்டடங்களில் கயிற்றில் தொங்கி யன்னல் துடைத்திருக்கிறார். "வெளியே தொங்கிக்கொண்டு உள்ளே பார்த்தேன். கட்டடம் சொன்ன இடத்தில் மனிதர்கள் இருப்பதில்லை. வெளிச்சம் உள்ள இடத்துக்கு மேசையை இழுத்துக்கொண்டு போகிறார்கள்." அதிலிருந்துதான் கீறத் தொடங்கினாராம். மிச்சம் நூலகப் புத்தகங்கள்.

அனுமதிப்பத்திரம் கிடையாது. சின்ன வீடுகளைத் தானே செய்வார். பெரிய வேலை என்றால் அனுமதி உள்ள ஒருவர் கையெழுத்து வைப்பார். கட்டடத்தில் கையெழுத்து வைத்தவரின் பெயர்தான் வரும்.

வாங்க: பால், தேயிலை, தலையிடிக் குளிசை.

பெப்ரவரி 8, ஞாயிறு

பூசை முடிந்து தமிழ்க் கடை. சிவலிங்கம் அண்ணையைக் கண்டேன். மட்டக்களப்பு ஆள், தமிழ்ச் சங்கத் தலைவர். மில்லிக்கனில் ஒரு பழைய பண்டகசாலையை எடுத்திருக்கிறார்கள். கலியாணம், கூட்டம், சாவீடு எல்லாவற்றுக்கும் பொதுவாக ஒரு மண்டபமாக மாற்ற வேண்டும். என் முதலாளியைப் பற்றிச் சொன்னேன்.

"யப்பான்காரனோ? எங்கட சனத்தப் பத்தி அந்தாளுக்கு என்ன தெரியும், தங்கச்சி?"

"கேட்டுப் பாக்கிறதிலை என்ன, அண்ணை."

வீட்டுக்கு வந்து டிவியைப் போட்டேன். சத்தத்துக்காக.

பெப்ரவரி 19, வியாழன்

கூட்டம். பண்டகசாலையிலேயே. எல்லாரும் கோட்டோடு. ஹயாஷிக்கு மொழிபெயர்ப்பு நான்.

சிவலிங்கம் அண்ணையின் முதற் கேள்வி: "இவர் எங்க படிச்சவர்?"

எப்படிச் சொல்வாரோ என்று எனக்குப் பயம். "யன்னல் துடைத்தேன்" என்றார். அப்படியே தமிழில் சொன்னேன். பின்னுக்கு யாரோ சிரித்தார்கள்.

அவர் சுவர்களைப் பார்த்துக்கொண்டு நின்றார். பிறகு கேட்டார்: "ஊரிலிருந்து சாவுச் செய்தி வந்தால், நீங்கள் எங்கே போவீர்கள்?"

சங்கத்தில் உள்ள தங்கேஸ் அன்ரி சொன்னா: "எங்க போற? என்ட தம்பியச் சுட்ட செய்தி வந்த நேரம் நான் பாத்றூமுக்க போய், தண்ணியத் திறந்து விட்டுத்துத்தான் அழுத நான். மேல்வீட்டுச் சனத்துக்குக் கேக்கும் எண்டு."

இதை ஆங்கிலத்தில் சொல்லும்போது பாதியில் திரும்பவும் முதலிலிருந்து தொடங்க வேண்டியிருந்தது. ஹயாஷி முழுதும் கேட்டபின், "சரி, முதலில் அதற்கு ஓர் இடம்" என்றார்.

மார்ச் 15, ஞாயிறு

லீவு நாளிலும் அலுவலகம். வரைபடம் முடிந்தது. சமையலறைக்குப் பின்னால் ஒரு சிறிய அறை. தடித்த சுவர், இருக்க ஒரு நீள வாங்கு, பக்கவாட்டிலிருந்து வெளிச்சம். வேறு எதுவும் இல்லை.

சிவலிங்கம் அண்ணை வந்து பார்த்தார். "அழுறத்துக்கு ஒரு அறையா? அந்த இடத்தில சாப்பாட்டுக்கு இன்னும் எத்தின கதிர போடலாம்!" கையெழுத்து வைக்கும் கட்டடக் கலைஞரும் போனில், அதை எடுத்துவிடுங்கள், சுலபம் என்றாராம்.

ஹயாஷி அமைதியாகச் சொன்னார்: "அறையை எடுப்பதென்றால் வேறு ஆளைப் பாருங்கள்."

அண்ணை போனபின் நான் கோபத்தில் கேட்டுவிட்டேன். வேலையே போகட்டும் என்று நிற்க அந்த அறையில் அப்படி என்ன?

யன்னல் துடைத்த காலத்தில், தாய் இறந்த தந்தி வந்த அடுத்த நாளும் வேலைக்குப் போனாராம். கயிற்றில் தொங்கியபடி அழுதிருக்கிறார். கண்ணாடிக்கு உள்ளே இருந்தவர்கள் சவர்க்காரத் தண்ணீர் என்று நினைத்தார்கள். ஒரு பெண் கையசைத்தாளாம்.

இருவரும் இன்று ஒரே மேசையில் சாப்பிட்டோம். என் புட்டு, அவருடைய சோறு.

மே 3, ஞாயிறு

மழை. அறை வேண்டுமா என்று சங்கத்தில் வாக்கெடுப்பு. தங்கேஸ் அன்ரி எழும்பி, "கதிரயில இருந்து சாப்பிட எங்களுக்கு ஊரெல்லாம் இடமிருக்கு" என்று மட்டும் சொல்லிவிட்டு உட்கார்ந்தா. ஒரே ஒரு வாக்கால் அறை தப்பியது.

ஹயாஷிக்குப் போன் பண்ணிச் சொன்னேன். "நல்லது" என்றார். அவ்வளவுதான். யாருக்காவது இதைப் பற்றி இன்னும் கொஞ்சம் சொல்ல வேண்டும்போல் இருந்தது. ஆள் இல்லை.

ஒக்ரோபர் 18, ஞாயிறு

திறப்பு விழா. குத்துவிளக்கு, வடை, கேசரி. கல்வெட்டில் நிர்வாகத்தினர் பெயர்கள், கையெழுத்து வைத்தவரின் பெயர். ஹயாஷி இல்லை. அவர் கடைசி வரிசையில், காகிதத் தட்டோடு, கேசரியைச் சட்னியில் தோய்த்துச் சாப்பிட்டுக்கொண்டிருந்தார்.

சிவலிங்கம் அண்ணை மைக்கில்: "எங்கட யப்பான் இஞ்சினியருக்கும் நன்றி!"

"என்ன சொன்னார்?"

"உங்களை இஞ்சினியர் என்கிறார்."

சத்தமாகச் சிரித்தார். அவர் சிரித்து இன்றுதான் கண்டேன்.

நவம்பர் 10, செவ்வாய்

ஹயாஷி இல்லை. சனிக்கிழமை, வீட்டில், மாரடைப்பு. மகள் வான்கூவரிலிருந்து போன் பண்ணினாள். அவருக்கு மகள் இருப்பதே எனக்குத் தெரியாது. உடலை எங்கே வைப்பது, யாருக்குச் சொல்வது என்று என்னைக் கேட்டாள்.

சிவலிங்கம் அண்ணைக்கு எடுத்தேன். "கேக்கிறீங்களே தங்கச்சி, மண்டபம் இருக்குத்தானே" என்றார்.

நவம்பர் 14, சனி

மண்டபம் நிரம்பிவிட்டது. அவரோடு ஒரு சொல் பேசாதவர்கள்கூட வந்தார்கள். யப்பான் முறை ஒருவருக்கும் தெரியாது. மகள் ஊதுபத்தி கொளுத்தினாள், சனம் வரிசையாக நின்று பூப்போட்டது.

மகள் மெதுவாக: "இவ்வளவு பேரையும் அப்பாவுக்குத் தெரியுமா?"

ஓம், தெரியும் என்றேன்.

பிறகு சமையலறைக்குப் பின்னால் போனேன். அறைக் கதவு சாத்தியிருந்தது. உள்ளே ஆள். வெளியே நின்றேன். கொஞ்ச நேரத்தில் சிவலிங்கம் அண்ணை கண்ணைத் துடைத்தபடி வந்தார். என்னைக் கண்டு கூச்சப்பட்டார். "போங்க தங்கச்சி" என்று கதவைப் பிடித்துக்கொண்டார்.

மன்னாரில் என் கணவர் இறந்தபோது நான் அழவில்லை. பார்க்க நிறைய வேலை இருந்தது. இன்று எல்லாம் சேர்ந்து வந்தது.

நவம்பர் 16, திங்கள்

வெயில், ஆனால் குளிர். அலுவலகத்தைத் துப்புரவாக்கத்தான் போனேன். ஹீற்றரை நானே போட்டேன்.

பதினொரு மணிபோல் ஒரு பெண்ணின் போன். மில்லிக்கனில் ஒரு வீடு, பின்பக்கம் ஓர் அறை கூட்டிக் கட்ட வேண்டுமாம். எப்போது வந்து பார்க்க முடியும் என்று கேட்டாள். புதன்கிழமை என்றேன். யார் பேசுவது என்று கேட்டாள்.

என் பெயரைச் சொன்னேன்.