தேயும் நிலவின் பாட்டு

அயுத்தியா,
நாக வருடம், ஆறாம் மாதம், தேய்பிறை பத்தாம் நாள்.

அன்புள்ள அத்தானுக்கு, கிளின் வணங்கி எழுதுவது. வடக்கே பிட்சனுலோக்கில் நீங்கள் நலமாக இருக்கப் புத்தர் அருளட்டும். இங்கே மழை பிடித்துக்கொண்டது. கொல்லைப்புறம் வரை தண்ணீர் வந்துவிட்டது.

அரசருக்கு உடம்பு இன்னும் தேறவில்லை. ஊரில் யாரும் குரல் உயர்த்திப் பேசுவதில்லை.

படகில் போகும்போது என்னை நினைத்து எழுதி அனுப்பினீர்களே, அந்தப் பாட்டை மீன்காரி யேமிடம் பாடிக் காட்டினேன். அது என் தப்பு. "அடியே, உன் ஆளு இப்படி உருகுறானே! என் ஆளு மீன் வெலையத் தவிர வேற எதுக்கும் வாயத் தெறந்ததில்ல" என்று சிரித்தாள். நாலே நாளில் சந்தை முழுக்க அதே பாட்டு.

'தேயும் நிலவைப் பார்த்துப் படகுகள் திசை திரும்புகின்றன' என்று எழுதியிருந்தீர்கள். நீங்கள் தேய்பிறையில் புறப்பட்டதைத்தான் சொன்னீர்கள். நிலவு அரசராம், படகுகள் பிரபுக்களாம்; அரண்மனையில் இப்படிப் பொருள் சொல்லிவிட்டார்கள். யேமைப் பிடித்துப்போய் மூன்று நாள் வைத்திருந்தார்கள். அவள் உங்கள் பெயரைச் சொல்லவில்லை. "கிளின் பாடினா, நான் கேட்டேன். கட்டினது யாருன்னு எனக்கென்ன தெரியும்?" என்பதற்கு மேல் ஒரு சொல் இல்லை. இப்போது அவளால் வலது கையைத் தூக்க முடியவில்லை.

பிறகு என்னைக் கூப்பிட்டார்கள். நான்தான் கட்டினேன் என்றேன். அதிகாரி சிரித்தார். "பொம்பள கட்டின பாட்டா இது? யாரக் காப்பாத்தப் பாக்குற?" என்று கேட்டு, முற்றத்தில் கட்டியிருந்த யானையைக் காட்டி, "எங்க, அதப் பத்தி ஒண்ணு பாடு பாப்போம்" என்றார். யானையைப் பார்த்தேன். பாட்டு வந்தது:

கட்டிய கயிற்றை யானை மறந்தது;
கட்டிய கையோ உறங்கவே இல்லை.

யாரும் சிரிக்கவில்லை. எழுத்தர் எழுதிக்கொண்டார். "இவதான்" என்றார் அதிகாரி, மெதுவாக. உங்களிடம் மறைப்பானேன், பயம் வருவதற்கு முன்னால் ஒரு கணம் எனக்குச் சந்தோஷமாக இருந்தது. எட்டு வருடம் உங்கள் பாட்டுகளைப் படியெடுத்தேன். ஒன்று பாடு என்று என்னை யாரும் கேட்டதில்லை.

மேலிடத்து உத்தரவு வரும்வரை வீட்டை விட்டு அசையக் கூடாதாம். படித்துறையில் இரண்டு காவலர்கள் நிற்கிறார்கள். அவர்கள் கண் என்மேல்தான், குழந்தைமேல் இல்லை. அதனால் சோம் மாமாவின் உப்புப் படகில் மாலியை உங்களிடம் அனுப்புகிறேன். முதுகைத் தடவிக்கொடுத்தால்தான் தூங்குவாள். காரம் வேண்டாம்.

தெற்கே வரும் எந்தப் படகிலும் ஏறாதீர்கள். யாராவது விசாரித்தால், அவள் பாட்டுக் கட்டுவாள் என்று எனக்குத் தெரியவே தெரியாது என்று சொல்லுங்கள். அது பொய்யும் இல்லை.

மாலி, அம்மா எங்கே என்று கேட்டால் மழை விடட்டும் என்று சொல்லுங்கள். நீங்கள் இருவரும் நீண்ட காலம் நன்றாக இருக்க வேண்டும்.

இப்படிக்கு,
உங்கள் கிளின்