பதில் பாட்டு

கோனா
ஞாயிறு இரவு, நவம்பர் 9, 1997

அன்புள்ள உலு அக்கா,

இந்தக் கடிதத்தை யாரிடமும் காட்டாதே. உன்னோடு அறையில் தங்கியிருக்கும் அந்தப் பெண்ணிடம்கூட. படித்ததும் கிழித்துப் போட்டாலும் எனக்குச் சம்மதம். கெஞ்சிக் கேட்கிறேன், பதிலை வீட்டு முகவரிக்கு அனுப்பாதே. உன் கடிதம் வந்தால் அம்மா சாப்பாட்டு மேஜையில் உட்கார்ந்து எல்லோருக்கும் சத்தமாக வாசிப்பாள். பள்ளிக்கூட முகவரிக்கு, ஒன்பதாம் வகுப்பு என்று போட்டு அனுப்பு. தொலைபேசி சமையலறையில் இருப்பதால் அதிலும் பேச வழியில்லை. போர்வைக்குள் டார்ச் வைத்துக்கொண்டு எழுதுகிறேன். எழுத்து கோணலாக இருக்கும், திட்டாதே.

நேற்று நம் தோணி கவிழ்ந்துவிட்டது.

யாரும் சாகவில்லை, அதை முதலில் சொல்லிவிடுகிறேன். ஆனால் விருந்தாளியாக வந்த ஓர் அம்மாவுக்குத் தோளெலும்பு முறிந்துவிட்டது. ரூத் என்று பெயர். ஒஹாயோவில் பள்ளிப் பேருந்து ஓட்டியவராம்.

நேற்று வந்தவர்கள் நாலு பேர். அப்பா வழக்கம்போல அவர்களை மணலில் நிறுத்தி அழைப்புப் பாட்டைச் சொல்லிக்கொடுத்தார். "தோணியில ஏறலாமான்னு முதல்ல கேக்கணும். தண்ணிப் பக்கமிருந்து பதில் வந்தாத்தான் காலை வைக்கணும். வரலேன்னா, இப்படியே திரும்பி ஓட்டலுக்குப் போய்த் தூங்க வேண்டியதுதான்" என்றார். பலானி அண்ணன் துடுப்பைத் தோளில் போட்டுக்கொண்டு, "கொஞ்சம் சத்தமாப் பாடுங்க சார், எங்க தோணிக்குக் காது மந்தம்" என்றான். எல்லோரும் சிரித்தார்கள். ரூத் அம்மா மட்டும் கண்ணை மூடிக்கொண்டு பாடிக்கொண்டே இருந்தார்.

பிறகு ஏறினார்கள். அண்ணன் முன்னால், அப்பா பின்னால் சுக்கான் துடுப்போடு, நடுவில் அவர்கள் நாலு பேர். பவளத் திட்டின் வாசலைத் தாண்டும்போது பெரிய அலைகள் ஒன்றன்பின் ஒன்றாக வந்தன. முதல் இரண்டில் ஏறி இறங்கிவிட்டார்கள். மூன்றாவதில் தோணி சாயாமலிருக்க இடப்பக்கத்தில் பிணைத்திருக்கும் மிதவைக் கட்டை அந்தரத்தில் தூக்கிக்கொண்டு நின்றது. அவ்வளவுதான், அக்கா. கவிழ்ந்த வேகத்தில் அந்தக் கட்டைதான் ரூத் அம்மாவின் தோளில் விழுந்தது.

அந்த நேரத்தில் அண்ணன் பின்னால் திரும்பி ஏதோ வேடிக்கை சொல்லி வலப்பக்கம் சாய்ந்தானாம். விருந்தாளிகளில் ஒருவர் சொன்னார். கரைக்கு வந்ததும் அப்பா எல்லோர் முன்னாலும் கத்தினார்: "உன் வாய் ஒருநாள் ஆளைக் கவுத்துடும்னு எத்தனை வாட்டி சொல்லிருக்கேன்? இனிமே என் தோணியில உன் கை படக் கூடாது. போடா." யார் என்ன சொன்னாலும் ஒரு பதில் வைத்திருப்பவன் அண்ணன். நேற்று தலையைக் குனிந்துகொண்டு நின்றான். மூக்கிலிருந்து தண்ணீர் சொட்டிக்கொண்டே இருந்தது.

இதில் உனக்கென்ன வந்தது என்று கேட்பாய். எனக்கு ஒன்றுமில்லை. நான் கரையில்தான் நின்றேன்.

ஒரே ஒரு சந்தேகம். நீ பதில் பாடிய காலத்தில், பவளத் திட்டுக்கு வெளியே இருக்கும் கறுப்புப் பாறை ஒரு தடவை மட்டும் மூழ்கி எழுந்தால் என்ன செய்வாய்? பள்ளிக்கூடத்தில் ஒரு பெண் கேட்டாள்.

உன் தங்கை,
ஹிவா


லாஸ் வேகஸ்
சனி, நவம்பர் 15, 1997

என் ஹிவாக் குட்டிக்கு,

உன் கடிதத்தை யாருக்கும் காட்டவில்லை. தலையணை உறைக்குள் வைத்திருக்கிறேன். சாப்பிட்டாயா, தூங்கினாயா என்று ஒரு வரிகூட எழுதவில்லை நீ. இரண்டு பக்கம் முழுக்கக் கவிழ்ந்த தோணிதான். அம்மாவின் முதுகுவலி எப்படி இருக்கிறது? எனக்கு இங்கே வேலை பரவாயில்லை. ஓட்டல் சலவை அறையில் நாள் முழுக்கப் படுக்கை விரிப்பு மடிக்கிறேன். வெளியே வந்தால் காற்றில் ஈரமே இல்லை. உதடு வெடித்து உப்புக் கரிக்கும்போது மட்டும் வீட்டு ஞாபகம் வருகிறது.

சரி, சுற்றி வளைக்க வேண்டாம். பள்ளிக்கூடத்தில் எந்தப் பெண்ணும் நம் பாறையைப் பற்றிக் கேட்கமாட்டாள். அந்தப் பாறை ஒன்று இருப்பதே நம் வீட்டுக்கு வெளியே பாதிப் பேருக்குத் தெரியாது. உன் கடிதத்தை மறுபடி படித்தேன். விருந்தாளிகள் பாடியதை எழுதியிருக்கிறாய். பிறகு ஏறினார்கள் என்று எழுதியிருக்கிறாய். நடுவில் யார் பதில் பாடியது? அதை விட்டுவிட்டாய்.

கேட்டதற்குப் பதில் இது. பாறை ஒரு தடவை மூழ்கினாலும் வெளியே பெரிய அலை கிளம்பிவிட்டது என்றுதான் அர்த்தம், நான் வாயைத் திறக்கமாட்டேன். ஒருமுறை கல்யாணக் கோஷ்டி ஒன்று வந்திருந்தது. பெண், மாப்பிள்ளை, கழுத்து நிறைய மாலை, படம் பிடிக்க ஓர் ஆள். பாறை மூழ்கியது. நான் சும்மா நின்றேன். அவர்கள் மறுபடி பாடினார்கள். அப்போதும் சும்மா நின்றேன். அப்பா திரும்பிப் பார்க்கவே இல்லை. துடுப்புகளைப் பொறுக்கிக்கொண்டு, "இன்னிக்கு இல்லையாம், அம்மா" என்று அந்தப் பெண்ணிடம் சொல்லிவிட்டு நடந்துவிட்டார். இன்றுவரை ஏன் என்று என்னைக் கேட்டதில்லை.

அப்பா கடலுக்கு முதுகைக் காட்டிக்கொண்டு நிற்பது எதனால் என்று நினைக்கிறாய்? யார் பயப்படுகிறார்கள், யாருக்கு முட்டி வலி, யார் குடித்திருக்கிறார்கள் என்று அவர் அந்த முகங்களைப் பார்க்க வேண்டும். கடலைப் பார்க்க நாம் இருக்கிறோம்.

இங்கே ஓட்டலில் நம் ஊர்க் காட்சி ஒன்று நடத்துகிறார்கள். செயற்கைக் குளம், பிளாஸ்டிக் தோணி. பார்க்க வந்தவர்கள் அழைப்புப் பாட்டுப் பாடுகிறார்கள். பதில் டேப்பிலிருந்து வருகிறது. எப்போதும் 'வாருங்கள்' என்றே வரும். நீ டேப் இல்லை, குட்டி.

பலானிக்கு வாய் அதிகம்தான். ஆனால் அவன் துடுப்புப் பிடிப்பதை நான் பார்த்திருக்கிறேன். மூன்றாவது அலையில் வேடிக்கை பேசுகிறவன் அல்ல அவன்.

உன் ரகசியம் என்னிடம் பத்திரமாக இருக்கும். ஆனால் உன்னோடு சேர்ந்து நானும் அதைச் சுமப்பேன் என்று நினைக்காதே. என்னால் முடியாது. அவனை நினைத்தால் சோறு இறங்கவில்லை.

முத்தங்களுடன்,
உலு


கோனா
வெள்ளி இரவு, நவம்பர் 21, 1997

உலு அக்கா,

வகுப்பில் எல்லோர் முன்னாலும் உன் கடிதத்தைக் கொடுத்தார்கள். கழிப்பறைக்குள் போய்ப் படித்தேன். டேப் என்று எழுதிய இடத்தில் உன்மேல் அவ்வளவு கோபம் வந்தது. கசக்கி எறிந்தேன். பிறகு எடுத்து நீவி, பையில் வைத்துக்கொண்டேன்.

நான்தான் பதில் பாடினேன். பாறை மூழ்கியதைப் பார்த்துவிட்டுப் பாடினேன்.

ஏன் என்று சொல்கிறேன். சொன்னால் உனக்கே சிரிப்பு வரும், அவ்வளவு அற்பமான காரணம். அதற்கு முந்தைய சனிக்கிழமையும் பாறை ஒரு தடவை மூழ்கியது. நான் வாயைத் திறக்கவில்லை. விருந்தாளிகள் வெயிலில் காய்ந்தார்கள். அதற்கப்புறம் கடல் தட்டுபோலக் கிடந்தது, அக்கா. ஓர் அலைகூட வரவில்லை. கடைசியில் நான் பாடியபோது பலானி அண்ணன், "ராணியம்மாவுக்கு மனசு எறங்கிருச்சு, எல்லாரும் ஏறுங்க" என்றான். அந்த வாரம் முழுக்க அதே பேச்சு. சோறு போட்டுக்கொள்ளப் போனால், "ராணியம்மா, சட்டியில கை வைக்கலாமா? பதில் சொல்லுங்க." குளியலறைக்கு வெளியே நின்று அழைப்புப் பாட்டை மூக்கால் பாடுவான். அப்பாகூடச் சிரித்தார்.

அதனால் அன்று ரூத் அம்மாவும் மற்றவர்களும் பாடி முடித்ததும், பாறை மூழ்கி வெள்ளையாக நுரை வழிய மேலே வந்ததை இந்த இரண்டு கண்ணாலும் பார்த்துக்கொண்டே, இதுவும் போன வாரம் மாதிரித்தான் இருக்கும் என்று நினைத்துப் பாடிவிட்டேன். நன்றாக, நீட்டி, அழகாகப் பாடினேன். அவர்கள் ஏறிப் போனதும் துண்டுகளை உதறி மடிக்க ஆரம்பித்தேன். கத்தல் கேட்டுத்தான் நிமிர்ந்தேன்.

அப்பா என்னை ஒரு வார்த்தை கேட்கவில்லை. நான் தப்பாகப் பாடியிருக்கலாம் என்று அவருக்குத் தோன்றவே இல்லை.

புதன்கிழமை என்னை ஆஸ்பத்திரிக்குக் கூட்டிப்போனார். அம்மா தேங்காய்ப்பால் கட்டி செய்து இலையில் மடித்துக் கொடுத்திருந்தாள். ரூத் அம்மாவின் கையைக் கழுத்தோடு சேர்த்துக் கட்டியிருந்தார்கள். என்னைப் பார்த்ததும் முகம் மலர்ந்துவிட்டது. "நீதானே அந்தக் குரல்? ஐம்பது வருஷமா எத்தனையோ கதவைத் தட்டியிருக்கேன் கண்ணு. இப்படி ஒருத்தரும் என்னை 'வா'ன்னு கூப்பிட்டதில்ல. இன்னொரு தரம் பாடேன்" என்றார். அப்பாவுக்கு ஒரே பெருமை. முழங்கையால் என்னை இடித்து, "பாடும்மா" என்றார். வாயைத் திறந்தேன். காற்றுதான் வந்தது. "பெரிய கூச்சக்காரி இவ" என்று அப்பா சிரித்தார். ரூத் அம்மா கட்டில்லாத கையை நீட்டி என் கன்னத்தைத் தடவினார். அந்தக் கையைக் கடித்துவிடலாம்போல இருந்தது. இப்போதும் கன்னத்தைக் கழுவிக்கொண்டே இருக்கிறேன்.

அண்ணன் ஹோனோலுலு துறைமுகத்தில் மூட்டை ஏற்றும் வேலைக்குப் போகப்போகிறான். நாளைக் காலை விமானம். நேற்று பின்கட்டில் தன் துடுப்புக்கு எண்ணெய் தேய்த்துக்கொண்டிருந்தான். நான் பக்கத்தில் போய் நின்றேன். "என்ன ராணியம்மா?" என்றான், பழக்க தோஷம். பிறகு மெதுவாக, "நான் திரும்பினது நெசம்தான் ஹிவா. அந்தக் கிழவி பயந்துட்டாளான்னு பாக்கத்தான் திரும்பினேன். சாஞ்சேனா, சாயலையான்னு எனக்கே தெரியல. யோசிக்க யோசிக்க சாஞ்ச மாதிரியே இருக்கு" என்றான். துடுப்பை என்னிடம் நீட்டினான். "நீ வச்சுக்க. எனக்கு அங்க எதுக்கு?"

வாங்கிக்கொண்டேன். அப்போதாவது சொல்லியிருக்கலாம். வாங்கிக்கொண்டு உள்ளே வந்து அலமாரிக்குப் பின்னால் வைத்தேன், திருடிய பொருள் மாதிரி.

மகன் இப்படி மனக்கசப்போடு ஊரை விட்டுப் போகக் கூடாது என்று பெரியம்மா பிடிவாதமாகச் சொல்லிவிட்டாள். அதனால் இன்று இரவு குடும்பமாக உட்காருகிறோம். கூடத்தில் பாய் விரித்தாகிவிட்டது. மீனையும் சேப்பங்கிழங்குக் கூழையும் மூடி வைத்திருக்கிறார்கள். எல்லோரும் பேசி முடிக்கும்வரை யாரும் தொடக் கூடாது. பெரியம்மாதான் நடத்துகிறாள். முதலில் பிரார்த்தனை, பிறகு ஒவ்வொருவராக அவளைப் பார்த்துச் சொல்ல வேண்டும். அங்கே சொல்லித் தீர்த்ததை அப்புறம் யாரும் பேச்சில் எடுக்கக் கூடாது. அது தெரியும். ஆனால் அங்கே வைத்து ஒருவர் மறைத்தால் அதற்கு என்ன செய்வார்கள் என்று தெரியவில்லை. நம் வீட்டில் யாரும் மறைத்ததில்லை.

உடை மாற்றிக்கொண்டு வருகிறேன் என்று சொல்லிவிட்டு அறைக்குள் வந்து இதை எழுதுகிறேன். சொன்னால் அப்பா இனி எந்தப் பாட்டுக்கும் திரும்பிப் பார்ப்பார். ஒவ்வொரு தடவையும் பார்ப்பார். அடித்தால்கூடத் தாங்கிக்கொள்வேன். அவர் கழுத்தைத் திருப்பிக் கடலைப் பார்ப்பதை மணலில் நின்று எப்படிப் பார்ப்பேன்? அதற்குப் பயந்துதான் இந்த இரண்டு வாரமும் வாயைத் திறக்கவில்லை. நாளைக் காலை அண்ணன் போய்விட்டால் பிறகு சொல்ல வேண்டிய அவசியமே இருக்காது என்றுகூட மத்தியானம் நினைத்தேன். அப்படி நினைத்தவள் நான்தான், அக்கா. வேறு யாரோ அல்ல.

நீ இங்கே இருந்தால் உன் கையைப் பிடித்துக்கொண்டு

யாரோ கதவைத் தட்டுகிறார்கள்.

அண்ணன்தான். "ஹிவா, எல்லாரும் உக்காந்தாச்சு. பசி உயிர் போகுது. நீ ஒண்ணும் பயப்படாத, நீ பேச வேண்டியதே இல்ல. நான் முதல்ல பேசிடுறேன். தப்பு என்னோடதுதான்னு ஒத்துக்கிட்டா அஞ்சு நிமிஷத்துல முடிஞ்சிடும், சாப்பிடலாம்" என்கிறான்.

அவன் முதலில் பேசக் கூடாது. அவன் அந்த வார்த்தையைப் பெரியம்மா முன்னால் சொல்லிவிட்டால் அது அங்கேயே முடிந்துவிடும். பிறகு யாரும் அதைத் திறக்க முடியாது. நான் அவனுக்கு முன்னால் போய் உட்கார்ந்து பேச வேண்டும்.

மறுபடி தட்டுகிறான். கைப்பிடியைத் திருப்புகிறான். அக்கா, நான்