பத்து மணித் தூக்கம்

மார்ச் 4, செவ்வாய்

இன்றைக்கும் ஸ்கேன் சண்டை.

குயிலாப்பாளையத்தில் கெஸ்ட் ஹவுஸ் நடத்துகிறவர், இங்கே மாமனார் வீட்டுக்கு வந்த இடத்தில் ஏழு வயது மகனைத் தூக்கிக்கொண்டு வந்தார். சைக்கிளிலிருந்து விழுந்திருக்கிறான். நெற்றியில் எலுமிச்சம்பழம் அளவுக்கு வீக்கம். மயக்கமில்லை, வாந்தியில்லை. வந்ததிலிருந்து என் ஸ்டெதாஸ்கோப்பைக் கேட்டு அடம்.

"தலைங்க டாக்டர். ரிஸ்க் எடுக்க முடியாது. பாண்டிக்கு எழுதிக் குடுங்க, ஸ்கேன் எடுத்துடறேன்" என்றார். சிடி ஸ்கேன் என்பது போட்டோ பிடிப்பதல்ல, வளர்கிற மூளையில் கதிர்வீச்சு படும், காரணமில்லாமல் செய்யக் கூடாது என்றேன். என்னை மேலும் கீழும் பார்த்தார். "நீங்க எம்.பி.பி.எஸ். மட்டும்தானா?" ஆமாம், மட்டும்தான். முறைத்துக்கொண்டே உட்கார்ந்திருந்தார். மதியம் பையன் இட்லி தின்றுவிட்டு வராண்டாவில் ஓட ஆரம்பித்ததும் அனுப்பிவிட்டேன்.

எங்கள் ஆஸ்பத்திரி சின்னது, ஸ்கேன் மிஷின் கிடையாது. மரக்காணத்திலிருந்து பாண்டி போக முக்கால் மணி நேரம். அதனால் தலையில் அடிபட்டு வருகிற பிள்ளைகளில் யாரை அனுப்புவது, யாரை இங்கேயே வைத்துப் பார்ப்பது என்பது தினம் ஒரு பரீட்சை. மயக்கம், திரும்பத் திரும்ப வாந்தி, உயரத்திலிருந்து விழுந்தது, வழக்கத்துக்கு மாறான தூக்கம் என்றால் அனுப்பு. லேசான சந்தேகம் என்றால் கண் முன்னாலேயே வைத்துக்கொள். வீணாக ஒரு பிள்ளையைக்கூட அனுப்பியதில்லை என்று எனக்குக் கொஞ்சம் கர்வம் உண்டு. நோன்பும் அதுவுமாகப் பெருமை பேசக் கூடாது, போதும்.

மார்ச் 9, ஞாயிறு

விடியுமுன் சஹர் சாப்பாட்டுக்கு எழுந்தால் அப்புறம் தூக்கம் பிடிப்பதில்லை. டியூட்டியில் பத்து மணிக்குக் கண் சொக்குகிறது. மேரிசெல்வி சிஸ்டருக்கு ஒரே கிண்டல். "ஆஸிஃபா டாக்டருக்கு ஒரு பெட்டு போடவா?" என்கிறார்.

மார்ச் 17, திங்கள்

எழுத முடியவில்லை. நாளைக்கு.

மார்ச் 18, செவ்வாய்

வரிசையாக எழுதிப் பார்க்கிறேன்.

நேற்றுக் காலை, உப்பளத்தில் வேலை செய்கிற வைஜெயந்தி வந்தாள். இடுப்பில் சின்னவன் பரத், கையில் நாலு வயது மகள் செந்தமிழ். உப்பு அம்பாரத்தில் ஏறி விளையாடிய பெண் சறுக்கி, மோட்டார் ஷெட்டின் சிமெண்ட் விளிம்பில் தலையின் பக்கவாட்டில் இடித்துக்கொண்டிருக்கிறாள். அம்பாரம் எவ்வளவு உயரம் என்று கேட்டேன். தன் இடுப்புக்குச் சற்று மேலே கை வைத்துக் காட்டினாள். விழுந்ததும் அழுதிருக்கிறாள், மயக்கமில்லை. வரும் வழியில் ஒரு வாந்தி. காதுக்கு மேலே லேசான வீக்கம். தன் பேர் சொன்னாள், தம்பி பேர் சொன்னாள், சிஸ்டரிடம் பிஸ்கட் கேட்டு வாங்கினாள். உப்பு காய்ந்து வெளுத்த காலை ஆட்டிக்கொண்டே தின்றாள். ஒரே ஒரு வாந்தி, வேறு எதுவுமில்லை. வைத்துப் பார்ப்போம் என்று முடிவு செய்து, "இங்கயே இரும்மா, நான் பாத்துக்கறேன்" என்றேன். அந்த நேரத்தில் அது சரியான முடிவு. இப்போதும் சொல்கிறேன்.

பத்து மணி வாக்கில் தூங்கிவிட்டாள்.

நான் கேட்டேன். கேட்கவில்லை என்று யாரும் சொல்ல முடியாது. இந்நேரத்துக்கு வழக்கமாகத் தூங்குவாளா என்று கேட்டேன்.

"தெனம் இந்நேரம்தாங்க. மூணு மணிக்கு எழுப்பிக் கூட்டினு போறோம். வெயில் ஏறிச்சுன்னா ஷெட்டாண்ட தம்பிய கட்டிப் புடிச்சுனு படுத்துக்குவா. வேலைய முடிச்சு எழுப்பறதுக்குள்ள எங்களுக்குப் பாதி உசுரு போயிடும்" என்றாள் வைஜெயந்தி.

பொய்யில்லை. வெயிலுக்கு முன்னால் உப்பை வாரி முடிக்க வேண்டும், அதனால் விடிவதற்கு முன்பே இறங்குவார்கள். பிள்ளைகளைப் பார்த்துக்கொள்ள ஆளில்லாதவர்கள் கூடவே கூட்டிப் போவார்கள். இதெல்லாம் எனக்குத் தெரியும். நானும் நாலு மணிக்கு எழுந்தவள்தான், என் கண்ணும் அப்போது எரிந்துகொண்டிருந்தது. அந்தத் தூக்கம் எப்படிப்பட்டது என்று என் உடம்புக்கே தெரியும். அதனால் நம்பினேன்.

கொஞ்ச நேரம் கழித்து எழுப்பிப் பார்த்தேன். கண்ணைப் பாதி திறந்து, முனகிவிட்டுத் திரும்பிப் படுத்தாள். "எழுப்புனா இப்படித்தாங்க, மூஞ்சத் திருப்பிக்குவா" என்று வைஜெயந்தி சிரித்தாள். நானும் சிரித்தேன்.

சிரிச்சேன். தூக்கி நிக்க வச்சிருக்கலாம். பேரு கேட்டிருக்கலாம். பேரு ஒண்ணு கேட்டிருந்தா போதுமே, ஏன் கேக்கல? பாவம், தூங்குற கொழந்தைய எதுக்குத் தொந்தரவு பண்ணணும்னு நெனச்சேன். பாவம்னு—

வெளியே ஓ.பி. கூட்டம். அதைப் பார்க்கப் போனேன். அடுத்த தடவை சிஸ்டர்தான் ஓடிவந்து கூப்பிட்டார். இடது கண்மணி விரிந்து கிடந்தது. டார்ச் அடித்தால் சுருங்கவில்லை. தொண்டையில் குழாய் போட்டு, 108-இல் ஏற்றி, நானும் ஏறிக்கொண்டேன். வண்டி முழுக்க வைஜெயந்தி என் முகத்தையே பார்த்துக்கொண்டு வந்தாள். "தூங்கறாதானேங்க?" என்று கேட்டாள். கோட்டக்குப்பம் தாண்டியதும் மறுபடியும் கேட்டாள்.

பாண்டியில் எடுத்த ஸ்கேனில், மண்டையோட்டுக்கும் மூளைக்கும் நடுவே ரத்தக் கசிவு. ஆபரேஷன் செய்திருக்கிறார்கள். மிஷின்தான் மூச்சு விடுகிறது.

மார்ச் 19, புதன்

காலையில் போன் வந்தது. செந்தமிழ் போய்விட்டாள்.

மார்ச் 26, புதன்

சீஃப் மணிவண்ணன் சார் கூப்பிட்டார். கேஸ் ஷீட்டை முழுக்கப் படித்துவிட்டதாகச் சொன்னார். "யாரா இருந்தாலும் மொதல்ல வச்சுத்தான் பாத்திருப்பாங்கம்மா. உங்க மேல தப்பு சொல்ல மாட்டேன்." ஃபைலை மூடிவிட்டு, "அன்னிக்கு நோன்புல இருந்தீங்களா?" என்றார். ஆமாம் என்றேன்.

வெளியே வந்து பாத்ரூமில் நின்று கோபத்தில் அழுதேன். பசியில் புத்தி மழுங்கியதாக நினைக்கிறார். இல்லை சார். பன்னிரண்டு வயதிலிருந்து நோன்பு வைக்கிறேன், பரீட்சை எழுதியிருக்கிறேன், பிரசவம் பார்த்திருக்கிறேன். அவள் தூக்கத்தை என்னுடைய தூக்கம் மாதிரி என்று எடுத்துக்கொண்டேன். அதுதான் நடந்தது. இதை அவரிடம் எப்படிச் சொல்வது, சொன்னால் மட்டும் என்ன?

மார்ச் 31, திங்கள்

பெருநாள். கணவர் உபைத் துபாயிலிருந்து வீடியோவில் வந்தார். பெருநாளும் அதுவுமாக உன் கண் ஏன் வீங்கியிருக்கிறது என்றார். தூக்கம் வருகிறது என்று சொல்லி வைத்துவிட்டேன்.

ஏப்ரல் 10, வியாழன்

இந்த வாரம் தலையில் அடி என்று வந்த எல்லாப் பிள்ளைகளையும் பாண்டிக்கு எழுதிவிட்டேன். கதவில் இடித்துக்கொண்டவனைக்கூட. எல்லா ஸ்கேனும் சுத்தம். ஒவ்வொன்றையும் கேட்கும்போது அரை மணி நேரம் நிம்மதியாக இருக்கிறது.

ஏப்ரல் 22, செவ்வாய்

வானூரிலிருந்து இங்கே பாட்டி வீட்டுக்கு வந்த ஒன்றரை வயதுக் குழந்தை. கட்டிலிலிருந்து பாயில் விழுந்தது. விளையாடிக்கொண்டிருந்தது. ஸ்கேன் தேவையே இல்லை. அனுப்பினேன். அங்கே மிஷினுக்குள் அசையாமல் படுக்கவில்லை என்று மயக்க மருந்து கொடுத்திருக்கிறார்கள். மூச்சு இறங்கிவிட்டது. ஐ.சி.யூ.வில் வைத்து ஒருவழியாக மீட்டுவிட்டார்கள். மண்டைக்குள் ஒன்றுமில்லை.

மணிவண்ணன் சார் கதவைச் சாத்திவிட்டுக் கேட்டார். "இந்த ஸ்கேன கொழந்தைக்காக எழுதுனீங்களா, உங்களுக்காக எழுதுனீங்களா?"

எனக்காகத்தான். அவரிடம் சொல்லவில்லை. அவருக்குத் தெரிந்திருக்கும்.

மே 6, செவ்வாய்

கேஸ் பார்க்கும் முறையை மாற்றிவிட்டேன். 'இந்நேரத்துக்குத் தூங்குமா' என்று அம்மாவிடம் கேட்டு அதோடு நிறுத்துவதில்லை. எழுப்பு, உட்கார வை, நிற்க வை, வாயைத் திறந்து ஏதாவது சொல்லும்வரை விடாதே. அழுதால் அழட்டும். பிள்ளையைப் படுத்துகிறாள் என்று அம்மாக்கள் திட்டுகிறார்கள், சிஸ்டரும் முகம் சுளிக்கிறார். காதில் வாங்கிக்கொள்ளவில்லை. அதற்குப் பிறகும் சந்தேகம் என்றால் ஸ்கேன், இல்லையென்றால் இல்லை. எழுதுவதற்கு இவ்வளவு சுலபமாக இருக்கிறது.

சிஸ்டர் இன்று ஒன்று சொன்னார். வைஜெயந்தி சின்னவனை உப்பளத்தில் தூங்கவே விடுவதில்லையாம். "கண்ண மூடுனா அள்ளி மூஞ்சில அடிக்குதாம் டாக்டர், அந்தப் பாத்தித் தண்ணிய. பையனுக்குக் கண்ணு செவசெவன்னு கெடக்குது. யாரு சொன்னாலும் கேக்க மாட்டேங்குது."

காலையில் டியூட்டிக்கு வருவதற்கு முன்னால் கேட்டிருந்தால் உப்பளத்துக்குப் போய் அவளைப் பார்த்திருக்கலாம் என்று நினைத்தேன். டியூட்டி முடிந்தும் போனேன். ஸ்கூட்டரை ஈ.சி.ஆர். ஓரம் நிறுத்திப் பார்த்தேன். பாத்தியில் யாருமில்லை, சாயங்காலத்தில் யார் இருப்பார்கள்? அது தெரிந்துதான் அந்த நேரத்துக்குப் போனேன் போலிருக்கிறது.

ஜூன் 12, வியாழன்

வைஜெயந்தி வந்தாள். இடுப்பில் பரத். ஷெட் படியில் தடுக்கி விழுந்து நெற்றியில் புடைப்பு. இரண்டரை வயது. வாந்தியில்லை, மயக்கமில்லை, படி முழங்கால் உயரம்கூட இல்லை. ஸ்கேன் வேண்டியதில்லை.

அவள் நேராகப் பாண்டிக்கே போயிருக்கலாம். ஏன் இங்கே வந்தாள் என்று கேட்க எனக்குத் துணிவில்லை. அவளே சொன்னாள். "ஸ்கேன் எடுக்கணுமா வேணாமான்னு நீங்க சொல்லுங்க. அன்னிக்கு பாத்தவங்க நீங்கதான்." திட்டுகிறாளா, நம்புகிறாளா? முகத்தில் ஒன்றும் தெரியவில்லை.

பாண்டிக்கு எழுதப் பேனாவை எடுத்தேன். எழுதியிருந்தால் இருவரும் தப்பித்திருப்போம். பையன் மேஜையிலிருந்த டார்ச்சை எடுத்து என் கண்ணில் அடித்தான். பேனாவை மூடினேன்.

"வேணாம். இங்கயே இரும்மா, நான் பாத்துக்கறேன்." அதே வார்த்தை. சொன்ன பிறகுதான் உறைத்தது.

பத்து மணி வாக்கில் பையனுக்குக் கண் சொக்கியது. மூணு மணிக்கு எழுந்தவன். தலை தோளில் சாய்ந்ததும் வைஜெயந்தி தொடையில் கிள்ளினாள். வீறிட்டான். மறுபடி சாய்ந்தான், மறுபடி கிள்ளினாள். தொடையில் பழைய கிள்ளல் தடங்கள் கன்றிப்போய் இருந்தன.

"தூங்கட்டும் வைஜெயந்தி. நான் எழுப்பறேன்."

"எழுப்புவீங்களா?"

"எழுப்பறேன்."

"முழுசா எழுப்புவீங்களா?"

"முழுசா."

ரொம்ப நேரம் அவனை இறுக்கிப் பிடித்துக்கொண்டே நின்றாள். பிறகு கட்டிலில் படுக்க வைத்தாள். அதே கட்டில்தான், பிள்ளைகளுக்கு எங்களிடம் இருப்பது அது ஒன்றுதான். ஓ.பி.யை மணிவண்ணன் சாரிடம் விட்டுவிட்டு ஸ்டூலைப் போட்டு உட்கார்ந்தேன்.

எழுப்பினேன். கண்ணைப் பாதி திறந்து, முனகிவிட்டுத் திரும்பிப் படுத்தான். அச்சாக அதே மாதிரி. வைஜெயந்தியின் கை என் தோளைப் பிடித்தது, நகம் பதிந்தது. விடவில்லை. தூக்கி உட்கார வைத்தேன். தரையில் நிற்க வைத்தேன். காலை உதறினான், என் கையில் அடித்தான், அழுதான். பேரு என்ன, பேரு சொல்லு என்று கேட்டுக்கொண்டே இருந்தேன். பேர் சொல்லவில்லை. கட்டிலில் தான் படுத்திருந்த இடத்துக்குப் பக்கத்தில் கையால் தடவினான். அப்புறம் அம்மாவைத் திரும்பிப் பார்த்து, தெளிவாகக் கேட்டான்.

"அக்கா எங்க?"

வைஜெயந்தி அவன் பக்கம் திரும்பவில்லை. என்னைத்தான் பார்த்தாள்.

"நல்லாத்தானேங்க பேசறான்?"

"நல்லா பேசறான்" என்றேன்.

மதியம்வரை வைத்திருந்தேன். இன்னும் இரண்டு தடவை எழுப்பினேன். நினைவு தெளிவு, ஸ்கேன் தேவையில்லை என்று எழுதி அனுப்பி வைத்தேன்.