வெந்த கண்ணுக்கு விளக்கெண்ணெய்

நேற்று உன் மகள் மாட்டுங்காவிலிருந்து வந்திருந்தாள். உன் பெட்டியை ஒழிக்கும்போது கிடைத்ததாம். கட்டைவிரல் அளவுக் கண்ணாடிச் சீசா ஒன்றை என் கையில் வைத்தாள். தக்கையைத் திறந்தால் விளக்கெண்ணெயின் சிக்கு வாடை. "அப்பா கண்ணைக் காப்பாத்தினது இதுதானே மாமா? உங்ககிட்டயே இருக்கட்டும்" என்றாள்.

அந்த வாடையோடு இன்னொன்றும் மூக்கில் ஏறியது. அறுபதுகளில் நீயும் நானும் லேபர் கேம்ப்பிலிருந்து குர்லாவுக்கு வேலைக்குப் போன ஐஸ் பேக்டரியின் அம்மோனியா நெடி. நமக்கு அது வெறும் 'கேஸ்'. வால்வு லேசாகக் கசிந்தாலே கண் எரியும், பிறகு அக்குள், கழுத்து, வியர்த்த இடமெல்லாம் எரியும். ஈரத்தைத் தேடிப் போய் ஒட்டிக்கொள்கிற சனியன் அது. நமக்குத் தெரிந்த வைத்தியமோ ஊர் வைத்தியம்தான்: வேலை முடிந்ததும் கண்ணுக்கு ஒரு சொட்டு விளக்கெண்ணெய், குளிர்ச்சிக்கு. அதற்காகவே என் டிபன் பையில் அந்தச் சீசா இருக்கும். மராட்டிக்காரர்கள் பார்த்துச் சிரிப்பார்கள். "சிரிக்கட்டும்ல, கண்ணு நம்ம கண்ணு" என்பாய்.

அன்று வால்வை இறுக்கக் குனிந்தவன் நீ. அது பிய்த்துக்கொண்டு உன் முகத்திலேயே பீறிட்டது. உன்னை வெளியே இழுத்துப் போட்டேன். அதுவரை நான் செய்தது சரி. மிஸ்திரி, ஐஸ் அச்சுகளுக்குத் தண்ணீர் நிரப்பும் ரப்பர் குழாயோடு ஓடி வந்தார். "பானி மாரோ! ஆங்க் மே பானி மாரோ!" நான் அவர் நெஞ்சில் கைவைத்துத் தள்ளினேன். "வெந்த கண்ணுல பச்சத் தண்ணிய ஊத்துதீரே, கண்ணு அவிஞ்சிரும்வே!" அவருக்குத் தமிழ் புரியாது, தள்ளியது புரிந்தது. கையிலிருந்த குழாய் விழுந்து நம் காலடியில் பாய்ந்தது. உன் இமைகளைப் பிரித்து இரண்டு கண்ணிலும் எண்ணெயை விட்டேன். வலியில் துடித்துக்கொண்டே, "நல்லா விடுல" என்றாய்.

ஆஸ்பத்திரியில் டாக்டர் என்னைத் தனியே கூப்பிட்டுக் கேட்டது ஒன்றுதான்: எவ்வளவு நேரம் தண்ணீர் விட்டீர்கள்? அந்த கேஸ் கண்ணின் ஈரத்தில் கரைந்து உள்ளே அரித்துக்கொண்டே போகுமாம். உடனே, நிறுத்தாமல் தண்ணீரால் கழுவுவது ஒன்றுதான் வழியாம். கண்ணில் கட்டோடு கிடந்த நீ, "டாக்டர் என்னல சொல்லுதாரு?" என்று கேட்டாய். "எண்ணெய் விட்டது நல்லதாப் போச்சாம்" என்றேன். அந்தச் சீசாவைக் கொடு என்று கேட்டு வாங்கித் தலையணைக்கு அடியில் வைத்துக்கொண்டாய்.

ஒரு கண் வெளுத்தே போனது. மற்றதில் புகைக்குள் பார்ப்பதுபோல் கொஞ்சம் மிச்சம். அந்த மிச்சம் நான் போட்ட பிச்சை என்று ஊரெல்லாம் சொல்லித் திரிந்தாய். உன் மகள் கல்யாணத்தில் என்னை முன்வரிசைக்கு இழுத்துப் போய், "இவன் இல்லேன்னா நான் முழுக்குருடு" என்றாய். பேக்டரியில் புதிதாகச் சேர்ந்தவர்களைக்கூட விளக்கெண்ணெய் வாங்கி வைக்கச் சொன்னாய். நான் உன் பின்னாலேயே போய், "அவன் சொல்லுதத கேக்காதீங்க, தண்ணிய ஊத்துங்க" என்று ஒவ்வொருவர் காதிலும் ஓதிவிட்டு வருவேன். அவர்களிடம் திறந்த வாய் உன்னிடம் திறக்கவில்லை. உன் முன்னால் பெரிய மனுஷனாக இருப்பது எனக்குப் பழகிவிட்டிருந்தது. வெட்கமாக இருக்கிறது.

நீ போன பிறகாவது சொல்லித் தொலைப்போம் என்று நேற்று உன் மகளிடம் சொன்னேன். எண்ணெய் விட்டது தப்பு என்பதையும், டாக்டர் கேட்டதையும், உன்னிடம் நான் சொன்ன பொய்யையும் சொன்னேன். மிஸ்திரி ஓடி வந்ததை மட்டும் சொல்ல வரவில்லை. அவள் அழவுமில்லை, திட்டவுமில்லை. சீசாவின் தக்கையை அழுத்தி மூடிவிட்டு, எனக்கு ஒரு சமாதானம் தேடித் தருகிறவள்போல் மெதுவாகக் கேட்டாள்.

"பக்கத்துல தண்ணி இல்லையா மாமா?"

அன்று நாம் இருவரும் கணுக்கால் அளவுத் தண்ணீரில் இருந்தோம்.

"இல்லம்மா" என்றேன்.

சீசாவை என்னிடமே விட்டுவிட்டுப் போனாள்.