மிச்சத்தில் மூன்றில் ஒரு பங்கு

பிரிக்பீல்ட்ஸ் ரயில்வே குடியிருப்பில் இன்று காலை குழாயில் தண்ணீர் வரவில்லை. மாட்டு வண்டியில் பீப்பாய் ஏற்றி வந்து ஊற்றினார்கள். சிந்திய தண்ணீரில் செம்மண் நனைந்து வாசனை எழுந்ததும் நீ கண் முன்னால் வந்து நின்றுவிட்டாய். காய்ச்சலில் நீ போய் ஏழு வருஷம் ஆகிறது. ஆனாலும் உன்னிடம்தான் பேசத் தோன்றியது.

கிள்ளான் பக்கத்து ரப்பர் தோட்டப் பள்ளியில் நாம் ஒரே வகுப்பு. பின்னக் கணக்கு எனக்கு வரவே வராது. நீயோ கணக்கை இரண்டு தடவை வாய்விட்டுப் படித்த பிறகுதான் பலகையைத் தொடுவாய். "எண்ணைப் பாக்காதடி, எதுல பங்குன்னு பாரு" என்பாய்.

நமக்குப் பதிமூன்று வயதானபோது கிணறு வற்றியது. தினமும் இருபத்து நாலு தகரம் தண்ணீர் வண்டியில் வரும். அதைப் பங்கிட வெள்ளைக்காரத் துரை எழுதிய உத்தரவை, தோட்டத்தில் கணக்கெழுதும் கிராணி எல்லாருக்கும் தமிழில் படித்துக் காட்டினார். பாதி, அதிக வீடுகள் வரிசையாக இருந்த முதல் லயத்துக்கு. மிச்சத்தில் மூன்றில் ஒரு பங்கு இரண்டாவது லயத்துக்கு. மற்றதெல்லாம் நம் மூன்றாவது லயத்துக்கு. படித்தது சரி. ஆனால் முதல் லயத்துக்குப் பன்னிரண்டு போனபின் இரண்டாவதுக்கு எட்டை அளந்துவிட்டு நமக்கு நாலைக் கொடுத்தார்.

நீ வண்டிக்கு முன்னால் போய் நின்றாய்.

"கிராணி ஐயா, மிச்சத்துல மூணுல ஒண்ணுன்னுதானே படிச்சீங்க?"

"ஆமா. இருபத்து நாலுல மூணுல ஒண்ணு எட்டு. பள்ளிக்கூடத்துல சொல்லித் தரலியா?"

"மிச்சம் பன்னண்டுங்க. அதுல மூணுல ஒண்ணு நாலுதான். எங்களுக்குத்தான் எட்டு."

அவர் முகம் கறுத்தது. "பொட்டப்புள்ள எனக்குக் கணக்கு சொல்றியா?"

நீ சக்கரத்துக்கு முன்னால் தரையில் உட்கார்ந்துவிட்டாய். "நீயும் உக்காருடி" என்று என்னைப் பார்த்துச் சொன்னாய். நான் உட்காரவில்லை. கிராணிக்குப் பயந்துவிட்டேன். அதை இன்றுவரை உன்னிடம் ஒப்புக்கொண்டதில்லை, இப்போது ஒப்புக்கொள்கிறேன்.

உன் அப்பா ஓடிவந்து உன் கையைப் பிடித்து இழுத்தார். வேலை போய்விடுமே என்ற பயம் அவருக்கு. "மன்னிப்புக் கேளு!" என்றார்.

"கணக்கு தப்புன்னு காட்டச் சொல்லுங்கப்பா, கேக்குறேன்."

யாரும் காட்டவில்லை. மறுநாள் வண்டி வந்ததும் நீ மறுபடி உட்கார்ந்தாய். இம்முறை நானும் உட்கார்ந்தேன். கொஞ்ச நேரத்தில் என் அம்மா வந்தாள். பிறகு நம் லயத்துப் பெண்கள் ஒவ்வொருவராக வந்தார்கள். கிராணி நமக்கு எட்டுத் தகரம் அளந்துவிட்டுப் போனார்.

தண்ணீர் கிடைத்தது, உன் படிப்பு போனது. அடுத்த வாரமே உன்னைப் பள்ளியிலிருந்து நிறுத்திக் களையெடுக்க அனுப்பச் சொன்னார் கிராணி. உன் அப்பாவும் தலையாட்டிவிட்டார். நான் அழுதேன். நீ அழவில்லை. "பள்ளிக்கூடத்தைப் பிடுங்கிக்கட்டும். நாலை எட்டாக்க முடியுமா அவரால?" என்று கேட்டாய்.

போன மாதம் என் மகளின் பள்ளியில், பெண் பிள்ளைகளுக்குப் பின்னக் கணக்கு எதற்கு, அந்த நேரத்தில் தையல் படிக்கட்டும் என்று தலைமையாசிரியர் சம்மதக் காகிதம் நீட்டினார். மற்ற அம்மாக்கள் கைநாட்டு வைத்துவிட்டார்கள். நான் இரண்டு தடவை வாய்விட்டுப் படித்தேன்.

"தையல் கத்துக்கட்டும் சார். கணக்கை எடுத்துட்டு வேணாம்."

"நீங்க ஒருத்தர்தாம்மா இப்படிச் சொல்றீங்க."

"சரி சார். ஒருத்தின்னே எழுதிக்குங்க."

பயம் அப்போதும் இருந்தது. ஆனாலும் கையெழுத்துப் போடாமல், அவர் காகிதத்தைத் திரும்ப எடுத்துக்கொள்ளும்வரை அந்த நாற்காலியை விட்டு நான் எழுந்திருக்கவில்லை.