இரவல் போன ஜெபப்புத்தகம்

சேசு மரி சூசை
அக்கரப்பத்தனை
12.3.1954

டோரீன் அப்பாவுக்கு அந்தோனியம்மா எழுதிக்கொண்டது. ஆண்டவர் கிருபையில் நானும் பிள்ளைகள் இரண்டு பேரும் சுகம். கொழும்பில் சங்க ஆபீஸ் பெஞ்சில் படுக்காதீர்கள், உங்களுக்குச் சளி பிடிக்கும்.

ஒரு தப்பு நடந்துவிட்டது. இரகசியமாய்த் தொழிலாளர் சங்கத்தில் சேர்ந்த நாற்பத்தெட்டு பேரையும் எழுதி, என்னை நம்பிக் கொடுத்தீர்களே, அந்தத் தாளை ஜெபப்புத்தகத்துக்குள் வைத்திருந்தேன். புதன்கிழமை கணக்கப்பிள்ளையின் அம்மாவுக்கு அடக்கம். அவர் சம்சாரம் றோசலின் காலையிலேயே வந்து, "ஜெபம் சொல்ல ஒங்க புத்தகத்த குடுங்கக்கா" என்றது. சாவு வீடு. யோசிக்காமல் எடுத்துக் கொடுத்தேன். அடுப்பு ஊதும்போதுதான் தாள் ஞாபகம் வந்தது. ஓடினேன். பெட்டியை மூடிவிட்டார்கள். புத்தகத்தை அந்தம்மா கையிலேயே வைத்துவிட்டார்களாம்.

தாள் உள்ளே போனதா, கணக்கப்பிள்ளை எடுத்தாரா, தெரியவில்லை. கேட்டால் காட்டிக்கொடுத்தது போல ஆகிவிடும். தோட்டத்துத் துரை கைக்குப் போனால் அத்தனை குடும்பத்துக்கும் வேலையை நிறுத்திப் பத்துச்சீட்டு எழுதி லயத்து வீட்டை விட்டு விரட்டிவிடுவார். என்ன செய்யட்டும், உடனே எழுதுங்கள்.

உங்கள்
அந்தோனியம்மா

---

கொழும்பு
15.3.1954

அன்பான அந்தோனியம்மாவுக்கு,

உன் கடுதாசி வந்ததிலிருந்து சோறு இறங்கவில்லை. அந்தப் புத்தகம் வீட்டை விட்டு வெளியே போகலாமா? வேறு பட்டியலும் கிடையாது. றோசலினிடம் வாய் திறக்காதே. பிள்ளைகளோடு லிந்துலையில் உன் அண்ணன் வீட்டுக்குப் போய்விடு. பேச்சுவார்த்தை முடியாமல் நான் வர முடியாது.

அமிர்தநாதன்

---

அக்கரப்பத்தனை
18.3.1954

டோரீன் அப்பாவுக்கு,

மன்னிக்கவேண்டும், நான் போகவில்லை. சங்கத் தலைவர் வீட்டிலேயே மூட்டை கட்டினால் மற்றவர்கள் என்ன நினைப்பார்கள்?

காலையில் பெரட்டுக்களத்தில் வேலைக்குப் பேர் கூப்பிடும்போது ஓரமாய் நின்று கேட்டேன். "மூக்கன்" என்றதும் கணக்கப்பிள்ளை நிறுத்திவிட்டார். என் உயிரே போய்விட்டது. பிறகு இருமிவிட்டு அடுத்த பேரைக் கூப்பிட்டார். மூக்கன் என்னைப் பார்த்து, "என்னங்கம்மா, தலைவர் வீட்டம்மாவும் கொழுந்தெடுக்க வந்துட்டீங்களா?" என்று சிரிக்கிறான். அவன் சம்சாரத்துக்கு ஏழு மாதம். அவன் பேரும் தாளில் இருக்கிறது.

அந்தோனியம்மா

---

அக்கரப்பத்தனை
22.3.1954

டோரீன் அப்பாவுக்கு,

நேற்றுப் பூசை முடிந்து றோசலின் என் பக்கத்தில் வந்து முழங்காலிட்டது. முகத்தைத் திருப்பாமலே சொன்னது: "அக்கா, புத்தகத்த அத்தை கையில வச்சது நான்தான். உள்ள இருந்த தாளோட. அவரு கண்ணுல படுறதுக்கு முந்தி." எழுந்து போகும்போது, "புதுப் புத்தகத்துல ஒண்ணும் வைக்காதீங்க" என்றது.

பயம் இன்னும் விடவில்லை. அதனால் பட்டியலைத் திரும்ப எழுதமாட்டேன். அந்தத் தாள் வந்த நாள் முதல், ஜெபமாலையில் மணிக்கு ஒருவராகப் பேர் சொல்லித்தான் வேண்டிக்கொள்கிறேன். அத்தனை பேரும் மனப்பாடம். நீங்கள் வந்ததும் ஒருவர் விடாமல் சொல்கிறேன்.

அருள்நிறை மந்திரத்துக்கு ஐம்பத்துமூன்று மணி. நாற்பத்தெட்டு அவர்களுக்கு. நான்கு நமக்கும் பிள்ளைகளுக்கும். மிஞ்சின ஒன்றை இத்தனை நாள் பேரில்லாமல் உருட்டினேன். நேற்றிலிருந்து அது றோசலினுக்கு.

உங்கள்
அந்தோனியம்மா